பர்மாப் பெட்டியைத் திறந்து, தாள்களுக்குத் தேதி போடுவது எப்படி

செட்டிநாட்டு நகரத்தார் ஒரு காலத்தில் பர்மாவில் கடை வைத்து லேவாதேவி, அதாவது வட்டிக்குக் கடன் கொடுக்கும் தொழில், செய்தார்கள். அவர்கள் வீடுகளில் பெட்டகத்தின் அடியிலோ மாடி அறையின் மூலையிலோ கிடக்கும் பர்மாத் தாள்களில் முக்கால்வாசிக்கு ஆங்கில வருஷம் கிடையாது. "பார்த்திப ௵ கார்த்திகை ௴" என்று இருக்கும், அவ்வளவுதான். தமிழ் வருஷப் பெயர் 60 ஆண்டுக்கு ஒருமுறை திரும்பி வரும். அந்த ஒரு சொல்லை நம்பித் தேதி போட்டால் இரண்டு தலைமுறை தவறிப்போகும்.

பார்த்திப வருஷத்தையே பாருங்கள். 1825-26 ஒரு பார்த்திப. அந்த வருஷ மாசியில்தான், 1826 பிப்ரவரி 24 அன்று, யாண்டபோ ஒப்பந்தப்படி பர்மிய அரசன் கடற்கரையின் இரு துண்டுகளை ஆங்கிலேயருக்குக் கொடுத்தான். 1885-86 அடுத்த பார்த்திப. அதன் கார்த்திகையில் மண்டலே விழுந்து அரச பரம்பரையே முடிந்தது. 1945-46 மூன்றாவது பார்த்திப. அது பிறந்து மூன்று வாரத்தில் ஜப்பானியர் விட்டுப்போன ரங்கூனுக்குள் பிரிட்டிஷ் படை மறுபடி நுழைந்தது. மூன்றிலும் ஆட்சி வேறு. அதனால் நாணயம், கோர்ட், தபால்தலை, ஊர்ப்பெயர் எல்லாமே வேறு. தாளின் தேதியைச் சொல்பவை அவைதான். பர்மாவின் வரலாறு தெரிந்தால் பாதித் தாள்கள் தாமாகவே இடம் பிடித்து உட்காரும்.

கட்டை அவிழ்க்கும் முன்

முதலில் பங்காளிகளிடம் பேசிவிடுங்கள். வளவு என்னும் கூட்டு வீடு பொது, பெட்டியும் பொது. ஒரு புள்ளி, அதாவது ஒரு குடும்பம், மட்டும் தாள்களை எடுத்துப்போனதாகப் பேச்சு வந்துவிட்டால், மற்ற வீட்டுப் பெட்டிகள் அதன்பின் திறக்கவே திறக்காது. எல்லாத் தாளையும் படம் எடுத்து எல்லோருக்கும் பிரதி தருவதாக முன்கூட்டியே சொல்லுங்கள்.

கட்டியிருக்கும் வரிசையைக் கலைக்காதீர்கள். ஒரே கயிற்றில் கட்டிய தாள்கள் பெரும்பாலும் ஒரே கணக்கு அல்லது ஒரே வழக்கைச் சேர்ந்தவை. தேதியில்லாத தாளுக்குப் பக்கத்துத் தாள்தான் சாட்சி. அவிழ்க்கும் முன் கட்டை நாலு பக்கமும் படமெடுங்கள். பிறகு மேலிருந்து கீழாக ஒவ்வொரு தாளின் பின்புற மூலையிலும் மென்மையான பென்சிலால் கட்டு எண்ணும் தாள் எண்ணும் எழுதுங்கள். பேனா கூடவே கூடாது.

வேலையை முகப்பில் நிழலான இடத்தில் வைத்துக்கொள்ளுங்கள். முற்றத்து வெயிலில் காயவைத்தால் பூச்சி போகும் என்று செய்வார்கள். பூச்சி போகும், கூடவே மையும் வெளுத்துத் தாள் முறுகும். காய்ந்த மென்மையான தூரிகையால் நடுவிலிருந்து ஓரத்துக்குத் தூசி தட்டுங்கள். வாயில் முகமூடி வேண்டும், பழைய பூஞ்சை நெஞ்சைப் பிடிக்கும். துருப்பிடித்த குண்டூசியை இழுத்தால் தாள் கிழியும். ஊசிக்கும் தாளுக்கும் நடுவில் மெல்லிய பிளாஸ்டிக் துண்டைச் செருகி மெதுவாக நழுவ விடுங்கள். கிழிந்த இடத்தில் செல்லோடேப் ஒட்டினால் சில வருஷத்தில் பசை மஞ்சளாகி எழுத்தைத் தின்றுவிடும். லேமினேஷன் அதைவிட மோசம், திரும்ப எடுக்கவே முடியாது. ஓலைச்சுவடிக்குப் பூசும் எண்ணெயைக் காகிதத்தில் பூசுகிறவர்களும் உண்டு. ஓலைக்கு மருந்தாவது காகிதத்துக்கு விஷம்.

எழுத்தும் எண்ணும்

குறியீடுகளைக் கற்றுக்கொள்ள ஒரு சாயங்காலம் போதும். ௳ நாள், ௴ மாதம், ௵ வருஷம், ௶ பற்று, ௷ வரவு, ௸ மேற்படி, ௹ ரூபாய். இவை தெரிந்தால் குறிப்பு, பேரேடு, ஐந்தொகை மூன்றையும் பிரித்துவிடலாம். அன்றாட நடவடிக்கையை நாள்வாரியாக எழுதியது குறிப்பு. ஆள்வாரியாகப் பிரித்து ஏற்றியது பேரேடு. எல்லாவற்றையும் கூட்டி நிலுவை காட்டுவது ஐந்தொகை. நேரம் குறைவாக இருந்தால் ஐந்தொகையைத் தேடிப் பிடியுங்கள். ஒரு கடையின் நிலைமை முழுதும் அதில் தெரியும்.

எண்களில்தான் அதிகம் வழுக்கும். பழைய முறையில் பத்து, நூறு, ஆயிரத்துக்குத் தனி எழுத்து உண்டு: ௰, ௱, ௲. ௩௲௪௱௫௰ என்றால் 3450. ௰௨ என்பது 12, ௨௰ என்பது 20. இடம் மாற்றிப் படித்தால் கூட்டலே பொருந்தாது. கொஞ்சம் பிந்திய கணக்குகளில் இதே எண்ணுருக்களை இன்றைய முறையில் ௧௯௩௭ என்று வரிசையாக எழுதுவார்கள். இரண்டு முறையும் ஒரே ஏட்டில் கலந்து வருவதும் உண்டு. தாளின் தலையில் தனியாக நிற்கும் சுழி பிள்ளையார் சுழி. அதை இரண்டு என்று எண்ணி வருஷத்தோடு சேர்த்துவிடாதீர்கள்.

வட்டியைப் படிக்கும்போது அது மாத வட்டியா என்று பாருங்கள். நூற்றுக்கு 1 ரூபாய் 4 அணா என்பது மாதத்துக்கு, வருஷத்துக்கு 15 சதவீதம். 16 அணா ஒரு ரூபாய், 12 பை ஒரு அணா. அதாவது ஒரு ரூபாய்க்கு 192 பை. கூட்டலைச் சரிபார்க்கும்போது தசமத்தில் போட்டால் ஒருநாளும் ஒத்துவராது.

வருஷத்தை மாற்ற எளிய வழி: 1927-28 பிரபவ. வருஷப் பெயரின் வரிசை எண்ணோடு 1926-ஐக் கூட்டினால் 1927-இல் தொடங்கிய சுற்றின் ஆண்டு கிடைக்கும். தாது பத்தாவது, ஆக 1936. அறுபதைக் கழித்தால் 1876. சித்திரை முதல் கார்த்திகை வரை அதே ஆங்கில ஆண்டு. தை, மாசி, பங்குனிக்கு ஒன்று கூட்ட வேண்டும். சிக்கல் மார்கழியில்தான். முதல் பாதி டிசம்பரிலும் மறுபாதி ஜனவரியிலும் விழும். தோராயமாக மார்கழி 17-ஐ எல்லையாக வைத்துக்கொள்ளலாம். 19-ஆம் நூற்றாண்டில் சித்திரைப் பிறப்பு ஓரிரு நாள் முன்னதாகவே வந்தது. ஒரு நாள் வித்தியாசத்துக்காக வழக்கு நடக்கிற தாள் என்றால் மட்டும் பழைய பஞ்சாங்கத்தைத் தேடுங்கள்.

பர்மிய மொழி நிலப்பத்திரங்களில் பர்மிய ஆண்டு இருக்கும். அதோடு 638-ஐக் கூட்டுங்கள். 1300 என்றால் 1938-39. அங்கும் புத்தாண்டு ஏப்ரல் நடுவில்தான் என்பதால் தமிழ் ஆண்டோடு கிட்டத்தட்ட இணைந்தே போகும். இது பெரிய வசதி.

ஆட்சி என்னும் சல்லடை

இனி முக்கியமான வேலை. 60 ஆண்டு இடைவெளியில் இரண்டு மூன்று வருஷங்கள் கையில் இருக்கும். எது சரி என்று பார்க்க அந்த நாட்டின் கதை வேண்டும்.

1752-இல் ஷ்வேபோ ஊர்த் தலைவன் அலவ்ங்பயா தொடங்கியது கொன்பவுங் அரசு. 1755-இல் டகோன் என்ற ஊரைப் பிடித்து யாங்கோன் என்று பெயர் வைத்தவன் அவனே. நம் ஏடுகளில் ரங்கோன், ரங்கூன் என்றெல்லாம் வருவது அந்த ஊர். 1784-85-இல் அரக்கானை வென்றதும் இந்த அரசின் எல்லை கிழக்கிந்தியக் கம்பெனியின் வங்காளத்தோடு உரசியது. 1824-இல் போர் மூண்டது. ரங்கூனில் இறங்கிய படையில் மதராஸ் சிப்பாய்கள் நிறையப்பேர் இருந்தார்கள். முடிவில் அரக்கானும் தெனாசெரிமும் கைமாறின. ஒரு கோடி ரூபாய் தண்டமும் சேர்ந்தது. மோல்மேன் ஆங்கிலேயரின் ஊராக வளர்ந்தது.

இரண்டாம் போர் 1852-இல். பெகு, ரங்கூன், டெல்டா எல்லாம் போயின. அரசனுக்குக் கடலே இல்லாமல் போயிற்று. அரசர் மிந்தோன் 1857-இல் மண்டலேயைக் கட்டிக்கொண்டு உள்நாட்டில் ஆண்டார். அவர் மகன் தீபோ, மர வியாபாரக் கம்பெனிக்கு அபராதம் விதித்த தகராறைச் சாக்காக வைத்து மூன்றாம் போர் வந்து, இரண்டு வாரத்தில் முடிந்தது. 1886 ஜனவரி 1 அன்று மேல்பர்மாவும் இணைக்கப்பட்டது. தீபோவை ரத்னகிரிக்குக் கொண்டுபோனார்கள். 1916-இல் அங்கேயே இறந்தார்.

இதைத் தாளுக்குப் பொருத்துவது இப்படி. மோல்மேன் பெயர் வந்தால் 1850-களுக்கும் இடமுண்டு. நகரத்தார் கடைகள் முதலில் காலூன்றிய ஊர்களில் அது ஒன்று. ரங்கூன், பசீன், ஹென்சாடா போன்ற கீழ்பர்மா ஊர்களில் பிரிட்டிஷ் கோர்ட்டில் பதிந்த அடமானம் என்றால் 1852-க்கு முன் வர வழியே இல்லை. மண்டலே கோர்ட் முத்திரை என்றால் 1886-க்குப் பின். "கீழ்பர்மா சீஃப் கோர்ட்" என்றிருந்தால் 1900 முதல் 1922 வரை, "ரங்கூன் ஹைகோர்ட்" என்றால் அதன் பிறகு. வங்கிப் பெயரும் அப்படியே. பாங்க் ஆஃப் பெங்கால் என்றால் 1921-க்கு முன், இம்பீரியல் பாங்க் என்றால் 1921-இலிருந்து. இந்தியன் ஓவர்சீஸ் பாங்க் 1937 பிப்ரவரி 10 அன்று காரைக்குடி, மதராஸ், ரங்கூன் மூன்று ஊரிலும் ஒரே நாளில் தொடங்கியது. அந்தப் பெயர் உள்ள பாஸ்புத்தகத்தில் தாது வருஷம் என்று இருந்தால் 1876-ஐப் பற்றி யோசிக்கவே வேண்டாம். மாறாக, தாது வருஷக் கடிதத்தில் ஊரில் பஞ்சம் என்று இருந்தால் அது 1876-77. தாது வருஷப் பஞ்சத்தை இன்னும் பேர் சொல்லியே பேசுகிறோம்.

நாணயம் பற்றி ஓர் எச்சரிக்கை. இரும்புப்பெட்டியில் மயில் பொறித்த வெள்ளிக்காசு கிடைத்தால் அது மிந்தோன் காலத்தது. அதில் 1214 என்று பர்மிய ஆண்டு இருக்கும். அது அவர் பட்டத்துக்கு வந்த ஆண்டு, காசு அடித்த ஆண்டல்ல. மண்டலே நாணயச்சாலை 1865-இல்தான் வந்தது. "1852-லேயே நம் ஐயா மண்டலேக்குப் போயிருக்கிறார்" என்று குடும்ப மலரில் அச்சிட்டுவிடாதீர்கள்.

1937 ஏப்ரல் 1: தனி நாடான தேதி

அதுவரை பர்மா இந்தியாவின் ஒரு மாகாணம். அன்று பிரிந்தது. தாள் அடையாளம் காண்பதற்கு இதைவிட நல்ல எல்லைக்கோடு இல்லை. அதற்கு முந்திய உறைகளில் சாதாரண இந்தியத் தபால்தலை. பிரிந்த அன்றிலிருந்து அதே தலையில் பர்மா என்று மேலச்சு. 1938 நவம்பரிலிருந்து பர்மாவின் சொந்தத் தலைகள். நோட்டிலும் இதே கதை: பர்மாவில் மட்டும் செல்லும் என்று மேலச்சிட்ட இந்திய நோட்டு, பிறகு மயில் படம் போட்ட பர்மா நோட்டு. இரண்டையும் வெளியிட்டது இந்திய ரிசர்வ் வங்கிதான். 1947 ஏப்ரல் வரை, ஜப்பானியர் காலம் நீங்கலாக, அதுவே பர்மாவுக்கும் மத்திய வங்கி.

பிரிவினைக்கு முந்திய ஏழு வருஷங்களின் பேரேட்டை நிதானமாகப் படியுங்கள். 1930-இல் தொடங்கிய விலை வீழ்ச்சியில் நெல் விலை பாதியாகச் சரிந்தது. அந்த மே மாதம் ரங்கூன் துறைமுகத்தில் இந்தியத் தொழிலாளருக்கும் பர்மியருக்கும் கலவரம். டிசம்பரில் தாராவாடியில் சாயா சான் தலைமையில் குடியானவர் கிளர்ச்சி. மறு ஆண்டு நவம்பரில் அவரைத் தூக்கிலிட்டார்கள். கடன் திரும்பவில்லை, அடமானம் வைத்த நிலம் கைக்கு வந்தது. கீழ்பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் நகரத்தார் கையில் இருந்தது 6 சதவீத நிலம். 1938-க்குள் அது 25 சதவீதம்.

பேரேட்டில் இது ரொக்க வரவு இல்லாமல், கடனாளி பெயருக்கு எதிரே நிலம் ஏறுவதாகத் தெரியும். அதைச் "சொத்து சேர்த்தார்கள்" என்று எழுதுவது வழக்கம். உண்மையில் அது வராக்கடன். லேவாதேவி செய்ய வந்தவனுக்கு விற்க முடியாத நிலம் சுமை. அதே பதிவின் மறுபக்கத்தில் ஒரு பர்மியக் குடியானவன் தன் வயலிலேயே குத்தகைக்காரனாக நிற்கிறான். அவன் பெயரும் அந்த ஏட்டில்தான் இருக்கிறது, அதையும் எடுத்து எழுதுங்கள். 1938 ஜூலைக் கலவரமும் பின்னாளில் வந்த நிலச் சட்டமும் எங்கிருந்து கிளம்பின என்பது அந்தப் பெயர்களைப் பார்த்தால்தான் விளங்கும்.

1941 மார்கழி முதல் 1948 மார்கழி வரை

விஷு வருஷ மார்கழியில், 1941 டிசம்பர் 23 அன்று, ரங்கூனில் குண்டு விழுந்தது. மாசியில், 1942 மார்ச் 8 அன்று, ஊர் ஜப்பானியர் கைக்குப் போனது. கப்பல் கிடைத்தவர் கப்பலிலும், கிடைக்காதவர் அரக்கான் வழியாகவோ தமு, மணிப்பூர் வழியாகவோ நடந்தும் வந்தார்கள். ஆகவே 1942 தை, மாசி வாக்கில் கணக்கு சட்டென்று நின்றால் அது பக்கம் கிழிந்ததால் அல்ல. அதே ஏட்டின் பின்பக்கத்தில் பென்சில் குறிப்பு, வழிச்செலவு, ஆள் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். சுருக்கமாக இருந்தாலும் பெட்டியிலேயே விலைமதிப்புள்ள பக்கம் அதுதான். வீட்டில் வயதான ஆச்சி யாராவது இருந்தால் அந்தப் பக்கத்தை வாசித்துக் காட்டிக் கேளுங்கள். "பர்மாவைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று பொதுவாகக் கேட்டால் ஒன்றும் வராது. பெயரைச் சொல்லிக் கேட்டால் வரும்.

அங்கேயே தங்கியவர்களின் தாளில் ஜப்பான் ரூபாய் வரும். அந்த நோட்டில் 'பி' என்ற ஆங்கில எழுத்தில் தொடங்கும் குறி இருக்கும். 1945-இல் பிரிட்டிஷார் திரும்பியதும் அது செல்லாக்காசு. எனவே 1942 முதல் 1945 வரையிலான தொகையை மற்ற ஆண்டுகளோடு ஒரே கூட்டலில் சேர்க்காதீர்கள், தனிப் பத்தியில் வையுங்கள். ஆசாத் ஹிந்த் பெயரில் நன்கொடை ரசீது இருந்தால் 1943 அக்டோபருக்குப் பிந்தியது. அந்த இயக்கத்தின் வங்கி ரங்கூனில் 1944 ஏப்ரலில் தொடங்கியது. 1943 ஆகஸ்ட் 1 அன்று ஜப்பானியர் பர்மியத் தலைவர் பா மாவ் தலைமையில் அறிவித்த 'சுதந்திரம்' வேறு, 1948 சுதந்திரம் வேறு. கடிதத்தில் "பர்மா சுயராஜ்யம்" என்று மட்டும் இருந்தால் எதைச் சொல்கிறது என்று தபால்தலையைப் பார்த்து முடிவு செய்யுங்கள். ராணுவ நிர்வாகம் என்று மேலச்சு இருந்தால் 1945.

1947 ஜனவரியில் பர்மிய விடுதலைத் தலைவர் ஆங் சான் லண்டனில் பிரிட்டிஷ் பிரதமர் அட்லியோடு ஒப்பந்தம் செய்தார். பிப்ரவரி 12 அன்று பாங்லோங்கில் மலைநாட்டுத் தலைவர்களோடு இன்னொன்று. ஜூலை 19 அன்று சக அமைச்சர்களோடு சுட்டுக் கொல்லப்பட்டார். சர்வசித்து வருஷ மார்கழியில், 1948 ஜனவரி 4 விடியற்காலை 4.20-க்கு, சோதிடர் குறித்த நேரத்தில், காமன்வெல்த்தில் சேராமல் பர்மா விடுதலை பெற்றது. அதே ஆண்டே நில நாட்டுடைமைச் சட்டம் வந்தது. இந்தத் தேதிக்குப் பிந்திய கட்டில் பெரும்பாலும் இழப்பீட்டு மனு, வக்கீல் கடிதம், பட்டியல் நகல். ரூபாய் போய், பர்மாவின் சொந்த நாணயமான ச்சாட் (kyat) வந்தது 1952-இல். 1964 மே மாதம் 50, 100 ச்சாட் நோட்டுகள் செல்லாமல் ஆயின. அதற்குப் பிந்திய தாள் அரிது.

ஊர், தெரு, சேமிப்பு

அட்டவணையில் பழைய பெயரை அப்படியே எழுதி, பக்கத்தில் இன்றைய பெயரைப் போடுங்கள்: மோல்மேன் மாவ்லமைன், பசீன் பத்தேன், பெகு பாகோ, ப்ரோம் பியே, அக்யாப் சித்வே, ஹென்சாடா ஹின்தாடா. ரங்கூனில் நகரத்தாரின் கிட்டங்கிகள், அதாவது கடைகளும் தங்குமிடமும் சேர்ந்த கட்டடங்கள், நிறைந்த மொகல் தெரு இன்று ஷ்வே பொந்தா தெரு. டல்ஹௌசி தெரு மகாபந்தூலா சாலை, ஃப்ரேசர் தெரு அனவ்ரஹ்தா சாலை. பந்தூலா 1825-இல் ஆங்கிலேயரோடு போரிட்டு மாண்ட தளபதி. தெருப்பெயர் மாறியதிலும் ஆட்சி மாறிய கதை இருக்கிறது.

விலாசம் இன்னொரு கைப்பிடி. முன்னோர் பெயர்களின் முதலெழுத்துகளால் ஆன கடைப்பெயர் அது. பாகம் பிரிந்தால் எழுத்து கூடும் அல்லது குறையும். ஒரே விலாசத்தில் எழுத்து கூடிய முதல் தாளைக் கண்டுபிடித்தால், பாகப்பிரிவினை அதற்கு முன் நடந்தது என்று பிடித்துக்கொள்ளலாம். கல்யாணத் தேதிகளோடு ஒப்பிட, கல்யாணப் பதிவுப் பத்திரமான இசைகுடிமானமும் மொய்ப்பண ஏடும் உதவும். அவற்றில் கோயில், ஊர், வருஷம், மாதம் எல்லாம் இருக்கும். பர்மாக் கடையை நடத்திய ஏஜெண்டின் சம்பளச் சீட்டு கிடைத்தால் இன்னும் நல்லது. வழக்கமாக மூன்று வருஷக் கணக்கு என்பதால், ஒரு சீட்டில் தேதி உறுதியானால் முன்னும் பின்னும் மூன்று மூன்றாக நகரலாம்.

ஒவ்வொரு தாளுக்கும் இரண்டு தேதி எழுதுங்கள்: இதற்கு முன் இருக்க முடியாது, இதற்குப் பின் இருக்க முடியாது. காரணத்தையும் ஒரு வரியில் எழுதுங்கள். ஒற்றைத் தேதி போட ஆசை வரும். ஆதாரம் இரண்டு இல்லாமல் போடாதீர்கள். பக்கத்துக் கட்டைத் திறக்கும்போது எல்லை தானே சுருங்கும்.

படங்களை ஜன்னல் வெளிச்சத்தில், பிளாஷ் இல்லாமல், பக்கத்தில் ஓர் அளவுகோலை வைத்து, முன்பக்கம் பின்பக்கம் இரண்டும் எடுங்கள். வெற்றுப் பின்பக்கத்தையும் விடாதீர்கள், முத்திரை அங்கேதான் ஒளிந்திருக்கும். கோப்புப் பெயர் ஆண்டு, ஊர், கட்டு எண், தாள் எண் என்ற வரிசையில் இருக்கட்டும். மூலத்தை வீட்டில் வைக்க முடியாவிட்டால் சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தைக் கேட்டுப் பாருங்கள். அதன் தொடக்கமே கோட்டையூர்க்காரர் ஒருவரின் சேகரிப்புதான். நில விவரம், கோர்ட் விவரம் சரிபார்க்க லண்டன் பிரிட்டிஷ் நூலகத்தின் பர்மா ஆபீஸ் ஆவணங்களும், 1929-30-இல் விசாரித்த பர்மா மாகாண வங்கி விசாரணைக் குழுவின் அறிக்கையும் உண்டு. வீட்டிலேயே வைப்பதென்றால் தரையிலிருந்து ஒரு முழம் உயரத்தில், சுவரை ஒட்டாமல், பருத்தித் துணியில் சுற்றி வையுங்கள். ஐப்பசி மழை முடிந்ததும் ஒருமுறை, சித்திரையில் ஒருமுறை திறந்து கரையான் பாருங்கள்.